செவ்வாய் நாலு, வெள்ளி பத்து

அண்ணன் லண்டனில் ஏழு வருஷம் இருந்தார். முதல் மூன்று வருஷம் டாக்டருக்குப் படித்து, முடிக்காமல் விட்டார். பாக்கி நான்கு வருஷம், வாரத்துக்கு ஐந்து நாள், ஒரு வெள்ளைக்காரக் கிழவரின் அறையில் சோபாவில் மல்லாக்கப் படுத்துக்கிடந்தார். நான் இட்டுக்கட்டிச் சொல்லவில்லை. ஊர் திரும்பிய முதல் வாரமே சாப்பாட்டு மேசையில் அவரே பெருமையாகச் சொன்னது. மனப் பகுப்பாய்வு செய்கிறவன் முதலில் தன் மனத்தைப் பகுத்துக் காட்ட வேண்டுமாம். அதற்குப் படுக்க வேண்டுமாம். அப்பா அதைக் கேட்டுக்கொண்டே மீன் முள்ளை எடுத்துத் தட்டோரம் வைத்தார். ரப்பர் தோட்டத்தில் முப்பது வருஷம் கிராணியாக, அதாவது கணக்கெழுதும் குமாஸ்தாவாக இருந்து, விடிவதற்கு முன்பே பெரட்டுக் களத்தில் ஆட்களை நிற்கவைத்துப் பேர் கூப்பிட்டவர் அவர். மகன் படுத்துக்கிடக்கத்தான் இத்தனை நாள் பணம் அனுப்பியிருக்கிறோம் என்பது அவருக்கு உறைக்க ஒரு வாரம் ஆனது. உறைத்த பிறகும் வெளியே கேட்டவர்களிடம் "மகன் டாக்டர்" என்றுதான் சொன்னார்.

மெர்டேக்காவுக்கு, அதாவது மலாயா சுதந்திரத்துக்கு, முந்தைய வருஷம் அது. அப்பா வேலையிலிருந்து ஓய்வு பெற்று, மலாக்காவில் காஜா பேராங்கில் ஒரு பலகை வீடு வாங்கியிருந்தார். வீட்டில் நாங்கள் மூன்று பேர்தான். அம்மா நான் பதின்மூன்று வயதில் இருக்கும்போதே போய்விட்டாள். அப்போது அண்ணன் லண்டனில் இருந்தார், வரவில்லை. அவர் திரும்பியபோது எனக்குப் பத்தொன்பது. பள்ளிப் படிப்பை முடித்துவிட்டு வீட்டில் சமைத்துக்கொண்டிருந்தேன். அண்ணன் வந்ததும் எனக்கு இன்னொரு வேலை சேர்ந்தது. அவருடைய அறைக்கு வெளியே ஒரு மேசை போட்டு உட்கார்ந்து, வருகிறவர்களுக்கு நேரம் எழுதிக் கொடுக்க வேண்டும். சம்பளம் கிடையாது. தங்கைக்கு எதற்குச் சம்பளம்?

அண்ணனுக்கு ஒரு சோபா தேவைப்பட்டது. அந்தச் சமயம் துரைமார்கள் மூட்டை கட்டிக்கொண்டிருந்தார்கள். அவர்கள் வீட்டுச் சாமான்கள் வாரம் ஒருமுறை லேலோங்கில் ஏலம் போயின. தோட்டத்துத் துரை ஒருவரின் நீளமான தோல் சோபாவை அண்ணன் எடுத்து வந்தார். அதில் நாய் முடி ஒட்டியிருந்தது. எத்தனை முறை துடைத்தாலும் ஈர நாயின் வாடை போகவில்லை. முதன்முதலில் வந்தவர் அப்பாவுக்குக் கீழே வேலை பார்த்த ஒரு கங்காணி. தூக்கம் வரவில்லை என்று வந்தவர், சோபாவைப் பார்த்ததும் சுவரோரம் ஒதுங்கி நின்றார். "தொர படுத்த எடத்துல நான் படுக்க மாட்டேங்க தம்பி, நின்னுக்கிட்டே சொல்றேன்" என்றார். அவருக்கு ஒதுக்கிய ஐம்பது நிமிஷமும் நின்றுகொண்டே சொல்லிவிட்டுப் போனார். அவருக்குத் தகப்பன் மேல் உள்ள பயம்தான் காரணம் என்று அண்ணன் எனக்கு விளக்கினார். துரை மேல் உள்ள பயம் என்று எனக்குத் தோன்றியது.

வாசலுக்கு ஒரு போர்டு வேண்டும் என்றார். 'மனப் பகுப்பாய்வு' என்று தமிழிலும் ஆங்கிலத்திலும் எழுதச் சொன்னார். டாக்டர் என்று போடக் கூடாது என்று அவரே சொன்னார். அந்த அளவுக்கு நேர்மை அவருக்கு உண்டு. போர்டு எழுதும் சீனர் எழுத்தைப் பற்றிக் கவலைப்படவில்லை, என்ன படம் போடுவது என்றுதான் கேட்டார். பல் டாக்டருக்குப் பல், கண் டாக்டருக்குக் கண், இதற்கு என்ன? கனவுகளை ஆராய்வேன் என்று அண்ணன் மலாயில் சொல்ல, அவர் ஒரு தலையணையையும் மேலே பிறை நிலாவையும் வரைந்து, எழுத்தை அடியில் சின்னதாகப் போட்டுவிட்டார். மறுநாளே தெருவில் அண்ணனுக்குப் பெயர் வைத்தாகிவிட்டது. தோக்தோர் மிம்பி. கனவு டாக்டர்.

சாப்பாட்டு வேளைகளில் எங்களுக்கு வரலாறு நடத்தப்பட்டது. வியன்னாவில் ஒரு மருத்துவர் முதலில் நோயாளிகளை மயக்கித் தூங்கவைத்துப் பார்த்தாராம். பிறகு தூங்கவைக்காமலே பேசவிட்டாராம். பேசினாலே கைகால் விளங்காதவர்கள் எழுந்து நடந்தார்களாம். பிறகு சீடர்கள் சேர்ந்தார்கள், சேர்ந்தவர்கள் குருவோடு சண்டை போட்டுப் பிரிந்து தனிக்கடை வைத்தார்கள். போர் நெருங்கியதும் கூட்டம் லண்டனுக்குப் போனது, அங்கேயும் இரண்டு கட்சி. ஒரு கட்சிக்காரர் இன்னொரு கட்சிக்காரரோடு தேநீர் குடிக்கமாட்டாராம். அப்பா அதுவரை பேசாமல் கேட்டுக்கொண்டிருந்தவர், "நம்ம கோயில் கமிட்டி மாதிரி" என்றார். அண்ணனுக்கு முகம் சுருங்கிவிட்டது. இது விஞ்ஞானம் என்றார். எனக்கென்னவோ அப்பா சரியாகப் பிடித்துவிட்டார் என்றுதான் பட்டது. எங்கள் கோயில் கமிட்டியிலும் பிரிந்து போனவனைப் பற்றி, அவனுக்கு மூளை சரியில்லை என்றுதான் சொல்வார்கள்.

இரண்டு மாதம் அந்தக் கங்காணியைத் தவிர யாரும் வரவில்லை. மூன்றாவது மாதம் பக்கத்து வீட்டு அம்மாள் வந்தார். அவர் மலாக்காச் செட்டி வம்சம். சாமி கும்பிடுவது எங்கள் சாமியைத்தான், நெற்றியில் திருநீறு எங்களைவிட அகலமாகவே இருக்கும். ஆனால் பேச்சு முழுக்க மலாய். தமிழில் சாமி பெயரும் சில பலகாரப் பெயரும் தெரியும். சாரோங் கெபாயா உடுத்தி, கொண்டையில் பூ வைத்து, கையில் ஒரு தட்டு கூவே பலகாரத்தோடு வந்து, எந்தக் கூச்சமும் இல்லாமல் துரையின் சோபாவில் கால் நீட்டிப் படுத்துக்கொண்டார். "சாயா மிம்பி உலார்" என்று ஆரம்பித்தார். பாம்புக் கனவு. அறைக்குள் அண்ணன் மூச்சை இழுத்துப் பிடித்தது வெளியே எனக்குக் கேட்டது. நான்கு வருஷம் படுத்ததற்குப் பலனாகக் கடைசியில் ஒரு பாம்பு கிடைத்திருக்கிறது.

அண்ணனுடைய முறை இதுதான். நோயாளியின் கண்ணில் படாமல் தலைமாட்டுக்குப் பின்னால் நாற்காலி போட்டு உட்காருவார். நோயாளி மனத்தில் தோன்றுவதை எல்லாம் சொல்ல வேண்டும். அவர் பேசமாட்டார். எப்போதாவது "ம்" என்பார். ஐம்பது நிமிஷம் ஆனதும், நான் எழுதி வைத்த சீட்டைப் பார்த்து, அடுத்து வர வேண்டிய இரண்டு நாளையும் மணியையும் சொல்லி அனுப்புவார். "செவ்வாய் நாலு, வெள்ளி பத்து." அவ்வளவுதான். வேறு ஒரு வார்த்தை பேசினாலும் வைத்தியம் கெட்டுவிடுமாம்.

அந்த அம்மாள் அதைக் கேட்டுத் தலையை ஆட்டிக்கொண்டு போனார். மறுவாரம் அவரோடு நான்கு பெண்கள் வந்தார்கள். அதற்கடுத்த வாரம் செமாபோக்கிலிருந்து பஸ் ஏறி வந்தார்கள். செட்டிப் பெண்கள், தமிழ்ப் பெண்கள், ஒரு சீனக் கிழவி, எல்லாரும் வரிசையாக உட்கார்ந்து கனவோடு காத்திருந்தார்கள். முட்டையும் வாழைக்குலையும் சமையலறையில் குவிந்தன. சுதந்திரம் நெருங்குகிற நேரத்தில் ஒரு ஜனசமூகத்தின் ஆழ்மனமே திறந்துகொள்கிறது என்று லண்டன் கிழவருக்கு அண்ணன் கடிதம் எழுதினார். அதை டைப் அடித்தவள் நான்தான்.

அந்தக் காலத்து மலாக்காவை அறியாதவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். வீட்டுப் பெண்களுக்கு அப்போது உயிர் சப் ஜி கீ என்ற சூதாட்டம். ஒன்று முதல் பன்னிரண்டுக்குள் இரண்டு எண் சொல்லிக் காசு கட்ட வேண்டும். போலீஸ் கண்ணில் படாமல் ஒரு சீனப் பெண் கூடையோடு பின்வாசலுக்கு வந்து வாங்கிக்கொண்டு போவாள். எந்த எண்ணைக் கட்டுவது என்பது கனவிலிருந்துதான் தெரியும். அதற்கென்றே ஊரில் கனவு கேட்கிறவர்கள் இருந்தார்கள். அவர்கள் எதிரில் உட்கார்ந்து கனவைச் சொன்னால், கண்ணை மூடிக்கொண்டு "ம்" கொட்டுவார்கள், ஒன்றும் பேசமாட்டார்கள், கடைசியில் இரண்டு எண் மட்டும் சொல்லி அனுப்புவார்கள்.

விஷயம் எனக்குத் தெரிந்தது சமையலறை ஜன்னலில். பக்கத்து வீட்டு அம்மாள் எட்டிப் பார்த்து, "அடெக், ஜாம் சாமா லாகி கா?" என்று முகத்தைச் சுளித்தார். இந்த வாரமும் அதே மணிதானா என்று கேட்கிறார். நோயாளிக்கு எப்போதும் ஒரே நேரம்தான், மாற்றக் கூடாது என்பது அண்ணனின் சட்டம். அதைச் சொன்னேன். அந்த அம்மாளுக்குப் பொறுக்கவில்லை. நாலும் பத்தும் ஒருமுறை விழுந்தாகிவிட்டது, இனி விழாது, வேறு எண் தரச் சொல் என்று மலாயில் பொரிந்து தள்ளினார். எனக்குப் புரிந்தபோது அடுப்பில் கறி தீய்ந்துகொண்டிருந்தது. சிரித்துச் சிரித்து வயிறு வலித்தது. ஒருமுறை விழுந்ததற்குத்தான் இத்தனை கூட்டம். விழாதவர்களும் அண்ணனைக் குறை சொல்லவில்லை. கனவை நான் சரியாகச் சொல்லவில்லை, ஏதோ மறைத்துவிட்டேன், அதனால்தான் எண் தப்பிவிட்டது என்று தங்களையே நொந்துகொண்டார்கள். அண்ணனும் அதையேதான் சொன்னார். நோயாளி குணமாகவில்லை என்றால் அவர் எதையோ மறைக்கிறார் என்று பொருள். இரண்டு பேருடைய நியாயமும் அச்சு அசலாக ஒன்றாக இருந்ததால் யாருக்கும் சந்தேகம் வரவில்லை.

அன்றிலிருந்து நான் மணியை மாற்றி மாற்றி எழுதினேன். ஒருத்திக்குக் கோயில் வேலை, இன்னொருத்திக்குப் பேரன் பள்ளிக்கூடம் என்று அண்ணனிடம் சாக்குச் சொன்னேன். எனக்குச் சமைக்கவும் குளிக்கவும் வசதியான மணிகள் அவை, வேறு எந்த ஞானமும் அதில் இல்லை. ஊர் முழுவதும் அதைக் கட்டியது. ஒருநாள் துவைக்கப் போட்ட அப்பாவின் சட்டைப் பையில் ஒரு துண்டுக் காகிதம் இருந்தது. அழகான கிராணிக் கையெழுத்தில் 'செவ்வாய் 3, வெள்ளி 11' என்று எழுதியிருந்தது. நான் அந்த வாரம் பக்கத்து வீட்டு அம்மாளுக்கு எழுதிய மணிகள். காகிதத்தை உலர்த்தி, மடித்து, மறுபடி அதே பையில் வைத்தேன். 

அடுத்த மாதம் எனக்கு அந்தக் கடிதம் வந்தது. இங்கிலாந்தில் இரண்டு வருஷம் ஆசிரியர் பயிற்சி. கப்பல் செலவை அரசாங்கமே கொடுக்கும். நானே விண்ணப்பித்து, நானே நேர்முகத்துக்குப் போய் வந்து, யாரிடமும் சொல்லாமல் கண்ணில் எண்ணெய் விட்டுக்கொண்டு காத்திருந்த கடிதம். இருபத்தொரு வயது ஆகாததால் அப்பாவின் கையெழுத்து வேண்டும். மாதக் கடைசிக்குள் அனுப்ப வேண்டும். அப்பா படித்துப் பார்த்தார். "டாக்டர் என்ன சொல்றார்னு கேளு" என்றார். மகனைத்தான் அப்படிச் சொன்னார்.

அண்ணன் என்னைச் சோபாவில் படுக்கச் சொன்னார். நாய் வாடை மூக்கில் ஏறியது. அவர் பின்னால் போய் உட்கார்ந்தார்.

"மனசுல வர்றத சொல்லு."

"டீச்சராகணும்னு வருது."

"நான் போனேன்ல, அதனாலதானே நீயும் போகணும்?"

"இல்லண்ணே."

"பாத்தியா, எவ்ளோ வேகமா இல்லன்னு சொல்ற."

"சரி, ஆமா. அதனாலதான்."

"பரவால்ல, ஒத்துக்கிட்டே. இனிமேதான் வைத்தியமே ஆரம்பிக்குது. ஒரு வருஷமாவது ஆகும்."

ஆமாம் என்றால் ஆமாம். இல்லை என்றால் அதைவிடப் பெரிய ஆமாம். இப்படி ஒரு கதவில்லாத அறையைக் கட்டத்தான் வியன்னாவிலும் லண்டனிலும் அத்தனை பெரிய மனிதர்கள் ஐம்பது வருஷமாகக் கஷ்டப்பட்டார்கள் போலிருக்கிறது. பெண் குழந்தைக்குச் சின்ன வயதிலேயே ஆணிடம் இருக்கும் ஒன்று தன்னிடம் இல்லை என்று தெரிந்துவிடுகிறதாம். வாழ்நாள் முழுக்க அந்தப் பொறாமையில்தான் படிக்கிறாளாம், கப்பல் ஏறுகிறாளாம். அது என்ன என்று கேட்டேன். அண்ணன் தொண்டையைக் கனைத்தார். தங்கையிடம் நேராகச் சொல்வதற்கு லண்டன் படிப்பும் கைகொடுக்கவில்லை. "அது ஒரு குறியீடு" என்றார்.

"எங்கிட்ட இல்லாதது அப்பாவோட கையெழுத்துதாண்ணே" என்றேன்.

"அம்மா செத்தத நீ இன்னும் ஏத்துக்கல, அந்தக் கோவம் பேசுது" என்றார்.

அம்மா செத்தபோது தந்திக்குப் பதில்கூட ஒரு வாரம் கழித்து அனுப்பியவர்.  எழுந்து உட்கார்ந்து எல்லாவற்றையும் போட்டு உடைத்தேன். வருகிறவர்கள் எதற்கு வருகிறார்கள், நாலு என்றால் என்ன, பத்து என்றால் என்ன, உங்கள் ஆழ்மனப் புரட்சி எந்தச் சீனப் பெண்ணின் கூடையில் போகிறது, எல்லாம் சொன்னேன். அண்ணன் கோபப்படவில்லை. பரிதாபமாகச் சிரித்தார். "உன் பொறாமை எவ்ளோ ஆழம்னு பாரு, நீயே ஒரு கதை கட்டிட்டே" என்றார். இரவு சாப்பிடும்போது, இவளை இப்போது அனுப்பினால் மனம் உடைந்துபோவாள், ஒரு வருஷ சிகிச்சைக்குப் பிறகு பார்க்கலாம் என்று அப்பாவிடம் தீர்ப்புச் சொன்னார். அப்பா தலையை ஆட்டினார்.

இரண்டு நாள் அழுதேன். மூன்றாவது நாள் மேசையில் உட்கார்ந்து, அந்த வாரத்துச் சீட்டுகளை வெறுமையாக அடுக்கி வைத்தேன்.

முதல் ஆளாகப் பக்கத்து வீட்டு அம்மாள் உள்ளே போனார். ஐம்பது நிமிஷம் முடிந்தது. அண்ணன் சீட்டை எடுத்தார், புரட்டினார், மறுபடி புரட்டினார். அவருக்கு ஒரு மணி சொல்லக்கூடத் தானாக வராது. அந்த அம்மாள் எழுந்திருக்கவில்லை. "ஜாம் புக்குல் பெராப்பா?" என்று கேட்டுக்கொண்டே படுத்திருந்தார். எத்தனை மணி, எத்தனை மணி. அடுத்தவரும் உள்ளே போய் அதே கேள்வியோடு நின்றார். அண்ணன் வெளியே வந்து என் காதில், இவர்களால் தன்னைப் பிரிந்து போகவே முடியவில்லை, சிகிச்சையின் உச்சகட்டம் இது என்றார். அவர் கண் கலங்கியிருந்தது. அந்த ஒரு நிமிஷம் அவர் மேல் எனக்கு இரக்கமாகக்கூட இருந்தது. அதற்காகச் சீட்டில் எழுதவில்லை.

சாயங்காலம் அப்பா சமையலறைக்கு வந்தார். அந்த வீடு வாங்கிய நாளிலிருந்து அவர் சமையலறைக்குள் வந்து நான் பார்த்ததில்லை. பின்வாசலை ஒருமுறை பார்த்துக்கொண்டார். கூடைக்காரி வரும் நேரம்.

"ஏன் பாப்பா, இந்த வாரம் மணி எழுதலியாமே?"

"எழுதலப்பா."

"ஏன்?"

 உறையிலிருந்து படிவத்தை எடுத்து, மாவு சிந்தியிருந்த மேசையைத் துடைத்து, அவர் முன்னால் வைத்தேன். பேனாவையும் வைத்தேன். அப்பா என்னைப் பார்த்தார். தோட்டத்தில் எத்தனையோ தில்லுமுல்லு பார்த்த கிராணிக்கு ஒரே பார்வையில் எல்லாம் புரிந்துவிட்டது. உட்கார்ந்து, மூக்குக்கண்ணாடியைப் போட்டு, ஒரு வரிகூடப் படிக்காமல் கையெழுத்துப் போட்டார். மை காயும்வரை ஊதினார்.

"இப்போ சொல்லு. என்ன மணி?"

"செவ்வாய் ஆறு, வெள்ளி ஒண்ணு" என்றேன். வாய்க்கு வந்ததைச் சொன்னேன். அவர் காகிதத்தில் எழுதிக்கொண்டு பின்வாசலுக்குப் போனார்.

அண்ணன் வழியனுப்ப வரவில்லை. தப்பித்து ஓடுகிற நோயாளியை வழியனுப்புவது முறையில்லையாம். சிங்கப்பூரில் அப்பாதான் கப்பலேற்றிவிட்டார். நான் போன பிறகு அண்ணன் தன் சட்டப்படி எல்லாருக்கும் ஒரே நேரத்தை நிலையாக வைத்தார். மூன்று வாரத்தில் ஈ காக்கைகூட வரவில்லை. சுதந்திரம் கிடைத்ததும் மக்களுக்கு மனநோய் குறைந்துவிட்டது என்று எனக்கு எழுதினார். பிறகு இன்ஷூரன்ஸ் ஏஜெண்டாகி நன்றாகவே இருந்தார். எதிராளியைப் பேசவிட்டு "ம்" கொட்டுகிற பழக்கம் அதற்கு மிகவும் உதவியிருக்கும்.

இங்கிலாந்துக்குப் போன ஒரு மாதத்தில் அப்பாவின் முதல் கடிதம் வந்தது. நலம், நலமறிய ஆவல், மழை பெய்கிறது. கடைசியில் ஒரு வரி: 'உனக்கு எந்தெந்த நாள் எத்தனை மணிக்கு வகுப்பு என்று எழுதவும்.' அதைப் படித்து அழுதுவிட்டேன். வாழ்க்கையில் முதல்முறையாக என் படிப்பைப் பற்றி அப்பா ஒரு கேள்வி கேட்டிருக்கிறார். முழு நேர அட்டவணையையும் கோடு போட்டு எழுதி அனுப்பினேன். எதற்குக் கேட்கிறார் என்று எனக்குத் தெரியாதா? தெரியும். தெரிந்தும் அழுதேன். அடுத்த கடிதத்திலும் அதே கேள்வி இருந்தது, அதற்கடுத்ததிலும் இருந்தது. நடுவில் அண்ணனிடமிருந்து ஒரு கடிதம். 'உன் வகுப்பு நேரங்களை அப்பா ஒரு காகிதத்தில் எழுதிச் சட்டைப் பையிலேயே வைத்துக்கொண்டிருக்கிறார். அடிக்கடி எடுத்துப் பார்க்கிறார். மகளைப் பிரிந்த துயரம் இப்படித்தான் வெளிப்படும். அவர் உன் மேல் இவ்வளவு பாசம் வைத்திருப்பது அவருக்கே தெரியாது.' அண்ணன் எழுதியதை எல்லாம் நக்கலாகவே படித்துப் பழகியவள் நான். அதை மட்டும் நான்கு முறை படித்தேன். இந்த ஒன்றாவது சரியாக இருக்கட்டும் என்று இருந்தது.

குளிர்காலத்தில் எனக்கு நெஞ்சில் சளி கட்டி, பத்து நாள் ஆஸ்பத்திரியில் கிடந்தேன். வெளியே வந்ததும் அப்பாவுக்கு எழுதினேன். காய்ச்சல் அடித்ததை, தனியாகக் கிடந்ததை, அம்மா நினைவு வந்ததை, எல்லாவற்றையும் இரண்டு பக்கத்துக்கு எழுதினேன். வகுப்பு நேரத்தை மட்டும் வேண்டுமென்றே விட்டுவிட்டேன்.

மூன்று வாரம் கழித்துப் பதில் வந்தது. அதே அழகான கிராணிக் கையெழுத்து. 'உன் கடிதம் கிடைத்தது. மணி எழுத மறந்துவிட்டாய்.'

அன்று மாலையே எழுதிப் போட்டேன். செவ்வாய் ஒன்பது, வெள்ளி இரண்டு.